தில்லை மரத்தை வைத்து மூன்று நிமிடப் படம் எடுக்க

கதை, நடிகர், வசனம் எதுவும் இல்லாமல் ஒரு சோதனைக் குறும்படம் எடுக்க ஆசைப்படுகிற கடலூர்ப் பக்கத்து நண்பர்களுக்கு என் யோசனை இதுதான்: பண்பாட்டுக்கு ஒரு காட்சி, இயற்கைக்கு ஒரு காட்சி என்று பங்கு போடாதீர்கள். இரண்டும் ஒன்றாகவே இருக்கிற ஒரு பொருளைத் தேடுங்கள்.

எனக்கு அது தில்லை மரம். சிதம்பரத்தின் பழைய பெயர் தில்லை, நடராசர் கோயிலின் தலமரமும் அதுவே, ஆனால் மரத்தைக் காடாகப் பார்க்க கிழக்கே பிச்சாவரம் அலையாத்திக் காட்டுக்குப் போக வேண்டும். பெயர் ஓர் இடத்தில், மரம் இன்னோர் இடத்தில். படம் அங்கேதான் இருக்கிறது.

முதலில் வனத்துறை அனுமதி. அப்புறம் படகு ஓட்டுகிற அண்ணன் யாரிடமாவது காட்டுக்குள் கடல் தண்ணீர் எப்போது ஏறும், எப்போது வற்றும் என்று கேளுங்கள். நேரம் தினமும் ஏறக்குறைய 50 நிமிடம் தள்ளிப்போகும். காலையில் வற்றியிருக்கும் நாளாகப் பார்த்து, தண்ணீர் எட்டாத கரையில் டிரைபாடை நிறுத்தி, 5 நொடிக்கு ஒரு படம் என்று 6 மணி நேரம் எடுத்தால் 4,320 படங்கள் கிடைக்கும், நொடிக்கு 24 வீதம் ஓட்டினால் சரியாக 3 நிமிடம். தில்லைக்கு அல்ல, பக்கத்தில் நிற்கிற வெண்கண்டல் மரங்களுக்கு உரிய, சேற்றில் குச்சி குச்சியாக நிற்கும் மூச்சு வேர்கள் ஒவ்வொன்றாக மூழ்குவது அப்போதுதான் கண்ணுக்குத் தெரியும். டிரைபாட் கால்களுக்கு அடியில் பலகைத் துண்டு வையுங்கள். ஈர மண்ணில் அது மெல்ல இறங்கி எனக்கு ஒரு நாள் முழுக்க வீணாகியிருக்கிறது.

தில்லை இலை உதிருமுன் சிவக்கும். தண்ணீரில் மிதக்கிற அந்தச் சிவப்பு இலையைக் கிட்டத்தில் எடுங்கள், ஆனால் மரத்திலிருந்து கிள்ளாதீர்கள். காம்பு முறிந்த இடத்தில் வெள்ளைப் பால் சொட்டாகத் திரளும், அது கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து, தோலும் புண்ணாகும்.

ஒலியைத் தனியாகப் பதிவு செய்யுங்கள். மாசி மகத்துக்கு ஸ்ரீமுஷ்ணம் பூவராகசாமி தீர்த்தவாரிக்காகப் பக்கத்துக் கிள்ளைக்கு வருவார், அங்கே இசுலாமியர்களும் அவரை வரவேற்று மரியாதை செய்வார்கள். மகம் பௌர்ணமியை ஒட்டி வருவதால் தண்ணீரும் அப்போது வழக்கத்தைவிட மேலே ஏறும். அன்றைய மேளச் சத்தத்தை எடுத்து, வேர்கள் மூழ்கும் காட்சியின் மேல் வைத்துப் பாருங்கள். பின்னணிக் குரல் வேண்டவே வேண்டாம்.

முதல் எடிட்டை அந்தப் படகோட்டி அண்ணனிடம், விளக்கம் எதுவும் சொல்லாமல், போனிலேயே காட்டுங்கள். தண்ணீர் இப்படி ஏறாதே என்று அவர் சொன்னால், மறுபடி போய் எடுங்கள்.