நடுவர் தீர்ப்பில் வட்டி அதிகமா? முதலில் தேதிகளைப் பாருங்கள்

தம்புச்செட்டித் தெரு வழக்கறிஞர்களுக்கு வட்டிக் கணக்குத் தாள் போட்டுக் கொடுப்பது, வங்கிப் பணியிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு எனக்கு அமைந்த வேலை. ஆர்பிட்ரேஷனில், அதாவது நீதிமன்றத்துக்கு வெளியே தனி நடுவர் முன் நடக்கும் வழக்கில், தோற்றுவிட்டு வருகிறவர்கள் பெரும்பாலும் ஒன்றைத்தான் கேட்கிறார்கள்: "பதினெட்டு சதவீதம் அநியாயமில்லையா சார், ஹைகோர்ட்டில் குறைக்க மாட்டார்களா?" சதவீதம் இருக்கட்டும், தீர்ப்பு வந்த உறையை முதலில் எடுங்கள்.

கையெழுத்திட்ட தீர்ப்பு நகல் உங்கள் கைக்கு வந்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள், அதை ரத்து செய்யக் கோரி, 1996ஆம் ஆண்டு நடுவர் மற்றும் சமரசச் சட்டத்தின் 34ஆம் பிரிவின் கீழ் நீதிமன்றத்தில் மனு போட வேண்டும். தக்க காரணம் காட்டினால் இன்னும் 30 நாள். அதற்கு மேல் எந்தக் கெஞ்சலும் எடுபடாது. ஆகவே கூரியர் உறையைக் குப்பையில் போடாதீர்கள்.

அடுத்து, வட்டியை இரண்டு துண்டாகப் பிரியுங்கள். அதே சட்டத்தின் 31(7) பிரிவும் அப்படித்தான் பிரிக்கிறது. தீர்ப்பு நாள் வரையிலான வட்டியில் ஒப்பந்தமே எஜமான். அதில் விகிதம் இருந்தால் அந்த விகிதம். வட்டி கிடையாது என்று இருந்தால் நடுவர் கொடுக்க முடியாது. ரயில்வே வேலை எடுத்தவர்கள் பொது நிபந்தனைகளைப் படிக்க வேண்டும். அந்தத் தடை அங்கேதான் உட்கார்ந்திருக்கும். ஒப்பந்தம் எதுவும் சொல்லாதபோதுதான் நடுவர் தமக்கு நியாயமாகப் படும் விகிதத்தைத் தரலாம்.

தீர்ப்புக்குப் பிந்தைய வட்டி வேறு கதை. நடுவர் விகிதம் சொல்லாமல் விட்டால் பழைய சட்டப்படி 18 சதவீதம். 2015 அக்டோபர் 23 முதல் தொடங்கிய நடுவர் வழக்குகளுக்கு, தீர்ப்பு நாளில் நிலவும் வட்டி விகிதத்தோடு 2 சதவீதம் கூட்டினால் போதும். வழக்கு எப்போது தொடங்கியது என்று பார்க்காமலே 18 போட்டுவிட்ட கணக்குத் தாள்களைப் பார்த்திருக்கிறேன்.

"வட்டிக்கு வட்டி போட்டுவிட்டார்கள்" என்ற புகாரை மட்டும் மனுவில் எழுத வேண்டாம். அசல் 40 லட்சம், 12 சதவீதத் தனிவட்டி, மூன்று ஆண்டு என்றால் தீர்ப்பு நாளில் தொகை 54.40 லட்சம். பிந்தைய வட்டி இந்த முழுத் தொகைக்கும் ஓடலாம் என்று ஹைதர் கன்சல்டிங் வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 18 சதவீதத்தில் ஆண்டுக்கு 9.79 லட்சம், அசலுக்கு மட்டும் என்றால் 7.20 லட்சம். ஆனால் அசலுக்கு மட்டும் என்று நடுவரே எழுதியிருந்தால் அதுதான் செல்லும். அந்த ஒரு வரியை விரலை வைத்துப் படியுங்கள்.

விகிதம் அதிகம் என்பது மட்டும் காரணமாகாது. நீதிமன்றம் அங்கே அப்பீல் கேட்க உட்காரவில்லை. இருந்தாலும் வழி இருக்கிறது. சென்னையிலிருந்து உச்ச நீதிமன்றத்துக்குப் போன காயத்ரி பாலசாமி வழக்கில், 2025 ஏப்ரல் 30 அன்று அரசியல் சாசன அமர்வு நான்குக்கு ஒன்று என்ற பெரும்பான்மையில், தீர்ப்புக்குப் பிந்தைய வட்டியைத் தக்க காரணம் இருந்தால் நீதிமன்றமே மாற்றலாம் என்றது. முந்தைய வட்டியில் தவறு இருந்தால் அந்தப் பகுதியை ரத்து செய்யலாம், நடுவரிடம் திருப்பி அனுப்பலாம். 2018இல் வேதாந்தா வழக்கில், 120 நாளுக்குள் கட்டாவிட்டால் 9 சதவீதம் 15 ஆகும் என்ற ஏற்பாட்டை உச்ச நீதிமன்றம் தண்டனை போலக் கருதி, ரூபாய்த் தொகைக்கு 9 சதவீதத்திலேயே நிறுத்தியது.

ஆகவே மனுவில் கோபத்தைக் குறைத்து எண்களைக் கூட்டுங்கள்: ஒப்பந்த விகிதம், எதிர்த்தரப்பு கேட்ட விகிதம், தீர்ப்பு நாளின் வங்கி விகிதம், நடுவர் கொடுத்த விகிதம், அதற்கு அவர் சொன்ன காரணம். ஒரு பக்க அட்டவணை போதும்.

எதிர்த்தரப்பு அம்பத்தூர்ப் பட்டறை போன்ற பதிவு பெற்ற சிறு நிறுவனமாக இருந்தால் கணக்கே மாறும். அவர்களுக்குத் தாமதமாகக் கட்டும் பணத்துக்கு ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு, மாதாமாதம் கூட்டுவட்டி; ஒப்பந்தம் வேறு எதைச் சொன்னாலும் சரி. வசதி மன்றம் (சிறு நிறுவனங்களின் பாக்கித் தகராறுகளைத் தீர்க்கும் அரசு அமைப்பு) வழியாக வந்த தீர்ப்பை எதிர்க்க 75 சதவீதத் தொகையைக் கட்டிவிட்டுத்தான் போக வேண்டும்.

மனு போட்டதாலேயே வசூல் நிற்காது. தடையாணைக்குத் தனி மனு வேண்டும், பணமோ உத்தரவாதமோ கேட்பார்கள். மேலே சொன்ன உதாரணத்தில் நாளொன்றுக்குச் சுமார் 2,680 ரூபாய் ஏறிக்கொண்டே இருக்கும்.