காவிரிப் படுகையில் செங்காந்தள்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

தமிழ்நாட்டின் மாநில மலரான செங்காந்தளை, குளிர் நாடுகளில் உறைபனிக்கு அஞ்சி வீட்டுக்குள் வைத்து வளர்க்கிறார்கள். தஞ்சை, திருவாரூர், நாகை மாவட்டங்களில் இக்கொடிக்குக் குளிரால் கேடில்லை. தேங்கும் நீர்தான் பகை. வீட்டுத் தோட்டங்களில் நேரும் தவறுகள் பலவும் இதை மறப்பதால் விளைபவையே.

அவற்றுள் பெரியது, வயல் மண்ணில் குழி பறித்துக் கிழங்கை அப்படியே புதைப்பது. நீரைப் பிடித்து வைத்திருக்கும் களிமண் நெல்லுக்கு வரம். காந்தள் கிழங்கோ காற்றோட்டமில்லாத ஈர மண்ணில் அழுகிவிடும். மேட்டூர் அணை திறந்து வாய்க்கால்களில் நீர் ஓடத் தொடங்கியதும் அவற்றை ஒட்டிய மனைகளில் ஊற்று மேலேறுவதையும், ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் கொல்லையில் நீர் வடியாமல் நிற்பதையும் இப்பகுதியினருக்குச் சொல்ல வேண்டியதில்லை. இதே மாவட்டங்களின் கடலோரத்தில், வேதாரண்யத்தின் மணற்பாங்கான நிலங்களில், இது கண்வலிக்கிழங்கு என்ற பெயரில் விதைக்காகப் பயிராகிறது என்பதே தேவையான மண் எது என்பதைக் காட்டிவிடும். ஒரு முழ உயரத்துக்கு மேடை கட்டி, அல்லது அடியில் துளையுள்ள அகன்ற தொட்டியில், ஆற்று மணல், செம்மண், மக்கிய எரு ஆகியவற்றைக் கலந்து, ஆனி, ஆடி மாதங்களில் நடுவது நல்லது.

கலப்பை போல் கவைத்திருக்கும் கிழங்கின் முனைகளில்தான் முளைக் கண் இருக்கிறது. கிழங்கை உருளைக்கிழங்கைப் போல் துண்டு போடுவதும், பையில் போட்டுக் குலுக்கி எடுத்து வருவதும் அந்த முனையை ஒடித்துவிடும். முனை ஒடிந்த துண்டு முளைக்காது. கிடைமட்டமாக வைத்து இரண்டு, மூன்று அங்குலம் மண் மூடினால் போதும்.

தடித்த மூங்கிலை ஊன்றிவிட்டுக் கொடி ஏறவில்லையே என்று வருந்துவோர் பலர். இலையின் நுனியே பற்றுக்கம்பியாகச் சுருண்டு பிடிக்க வேண்டியிருப்பதால், மெல்லிய குச்சிகளோ கம்பி வலையோ தேவை. பழைய கிளுவை வேலிகளில் காந்தள் அழகாகப் படர்ந்ததன் காரணம் இதுதான். கறுப்பு உடலில் சிவப்புப் புள்ளிகள் கொண்ட புழுக்கள் இலையைத் தின்றால் கையுறை அணிந்து பொறுக்கி எடுக்கலாம்.

பூத்துக் காய்த்தபின், தை, மாசி வாக்கில் கொடி மஞ்சளாகிக் காய்ந்துவிடும். செடி வாடுகிறது என்று எண்ணி அப்போது நீர் ஊற்றுவதுதான் மழைக்குத் தப்பிய கிழங்கையும் அழுகச் செய்கிறது. நீரை அடியோடு நிறுத்த வேண்டும். மண் ஈரமாகவே இருக்கும் இடமானால் கிழங்கைப் பெயர்த்தெடுத்து, உலர்ந்த மணலில் புதைத்து நிழலில் வைக்கலாம்.

ஆனால் சமையலறைப் பக்கம் வைக்கக் கூடாது. செடி முழுவதிலும், சிறப்பாகக் கிழங்கிலும் விதையிலும், கொல்கிசின் என்ற நச்சு உள்ளது. வள்ளிக்கிழங்கு என்று நினைத்துத் தின்று உயிரிழந்தவர்கள் உண்டு. நச்சின் அறிகுறிகள் சில மணி நேரம் கழித்தே தோன்றக்கூடும் என்பதால், யாரேனும் தின்றுவிட்டால் வாந்தி வரும்வரை காத்திராமல் கிழங்கின் ஒரு துண்டையும் எடுத்துக்கொண்டு உடனே மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும்.