விடியக்காலையில் கத்திய பிஸ்கட் டின்

மகனின் பள்ளிக்கூட நாடகத்துக்காக பிஸ்கட் டின்னில் ஒரு 'கால அதிர்வுமானி' செய்தேன். இரண்டு குவார்ட்ஸ் கடிகாரச் சுற்றுகள். இரண்டும் விநாடியில் பத்தில் ஒரு பங்கு விலகினால் பஸர் கத்தும். மாலையில் ஒத்துவைத்தால், நுவரெலியாக் குளிரில் விடியக்காலை கத்திவிடும். "முனி போகுதுடா" என்றார் அம்மா.

பனிதான் காரணம். ஒரு சுற்று டின்னுக்குள் பல்பு சூட்டில் இருந்தது. மற்றது ஜன்னலோரம், மேலெல்லாம் ஈரம் பூத்து. சுற்றுக்குள் விநாடிக்கு 32,768 முறை அதிரும் குவார்ட்ஸ் படிகம்தான் நேரத்தை எண்ணுகிறது. அது 25 பாகை செல்சியஸுக்குக் கீழே மெதுவாகும். 10 பாகையில் நாளுக்கு அரை விநாடிக்கு மேல் பின்தங்கும். (மலை உயரத்தில் காலமே வேகமாக ஓடுவதும் உண்மைதான். நானோவிநாடிக் கணக்கு, டின்னுக்கு எட்டாது.)

சரி என்று இரண்டையும் ஒரே ரெஜிபோம் (தெர்மாகோல்) பெட்டியில் அடைத்தேன். அப்புறம் சத்தமே இல்லை. நாடகத்தன்று மகன் ஆணியால் வயரைத் தொட்டுத்தான் கத்தவைத்தான்.