இடுப்பெலும்பைக் கையில் எடுத்ததும் செய்யும் தவறுகள்

இடது வலது மாற்றிச் சொல்வதைப் பற்றி எழுதப்போவதில்லை. அது இரண்டு நாளில் தானாகச் சரியாகிவிடும். உடற்கூறியல் படிக்க வரும் ஒவ்வொரு புது வகுப்பிலும் நான் பண்ணிய அதே கோளாறை என் கண்முன்னாலேயே பண்ணுகிறார்களே, அதைத்தான் சொல்ல வேண்டும்.

எலும்பை நிறுத்தும் கோணம்

என் முதல் வைவாவில் (வாய்மொழித் தேர்வில்) இலியாக் கிரெஸ்ட் (எலும்பின் மேல்விளிம்பு), அசெட்டாபுலம் (தொடையெலும்பு பொருந்தும் குழி), ஆப்டுரேட்டர் துளை என்று எலும்பின் பாகங்களை மளமளவென ஒப்பித்தேன். "சரி, உடம்பில் இருக்கிற மாதிரி பிடி" என்றார் தேர்வாளர். பியூபிஸ் (எலும்பின் முன்புறக் கீழ்ப்பகுதி) முன்னால் துருத்திக்கொண்டு நிற்கும்படி பிடித்தேன். "இந்த ஆள் நிற்கிறாரா, சாய்வு நாற்காலியில் கிடக்கிறாரா?" என்றார். அதன்பிறகு கேள்வியே கேட்கவில்லை.

நிமிர்ந்து நிற்பவருக்கு ஏஎஸ்ஐஎஸ்ஸும் (இலியாக் கிரெஸ்டின் முன்முனை) பியூபிக் டியூபர்கிளும் (பியூபிஸின் மேலுள்ள சிறு மேடு) ஒரே செங்குத்துத் தளத்தில் வரும். எலும்பைச் சுவரோடு வைத்துப் பாருங்கள்: இரண்டு முனையும் சுவரைத் தொட வேண்டும். முதல் தடவை, எலும்பு முன்னால் கவிழ்கிற மாதிரி இருக்கும்; அதுதான் சரி. இப்போது பியூபிஸின் உட்புறம் மேலும் பின்னுமாகப் பார்க்கும், சிறுநீர்ப்பை அதன்மேல் உட்காரும். இடுப்புக்குழியின் மேல்வாய் கிடைமட்டத்திலிருந்து 50–60 டிகிரி சாயும். காக்சிக்ஸின் (வால் எலும்பின்) நுனி சிம்ஃபிசிஸின் (இரண்டு பியூபிஸும் முன்னால் சேரும் மூட்டின்) மேல்விளிம்பு மட்டத்துக்கு வந்துவிடும். மேசையில் படுக்கப்போட்டே படித்தவருக்கு இந்தக் குழி நேராக இறங்கும் கிணறுதான். பிரசவத்தில் குழந்தையின் தலை கடைசியில் ஏன் முன்னோக்கி வளைந்து வருகிறது என்று கேட்டால் விழிப்பார். பெயர் தெரியாதவரைக்கூடப் பொறுத்துக்கொள்வேன், இதைப் பார்த்தால் இன்றைக்கும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

முள்ளும் டியூபராசிட்டியும்

இந்த இரண்டையும் குழப்பிக்கொள்வார்கள். உட்காரும்போது நாற்காலியில் பதிவது இஷியல் டியூபராசிட்டி. இஷியல் முள் அதற்கு மேலே, எலும்பின் பின்விளிம்பிலுள்ள பெரிய, சிறிய சயாட்டிக் பள்ளங்களுக்கு நடுவே நீட்டிக்கொண்டிருப்பது. குழந்தையின் தலை எவ்வளவு இறங்கியிருக்கிறது என்பதை இந்த முள்ளை வைத்துத்தான் கணிப்பார்கள். எங்கள் பெட்டியில் முள் உடைந்துபோன எலும்பு ஒன்று கிடக்கிறது. வருஷம் தவறாமல் யாராவது அதைத்தான் எடுத்துப் படிக்கிறார்கள்.

இரண்டு நடுப்புள்ளிகள்

இவற்றை ஒன்றென்று நினைத்துவிடுகிறார்கள். இங்குவைனல் லிகமென்ட்டின் (கவட்டில் ஓடும் நார்ப்பட்டையின்) நடு: ஏஎஸ்ஐஎஸ் முதல் பியூபிக் டியூபர்கிள் வரை அளக்க வேண்டும். தொடைத் தமனியின் துடிப்புக்கு: ஏஎஸ்ஐஎஸ் முதல் சிம்ஃபிசிஸ் வரை அளந்து அதன் நடு.

கிரெஸ்டின் உச்சி

இலியாக் கிரெஸ்டின் உச்சி இருப்பது எல்4 (நான்காவது இடுப்பு முள்ளெலும்பு) மட்டம். விரல் எலும்பைத் தொடாமல் சதையிலேயே நின்றுவிட்டால் எல்3ஐத் தொட்டுவிட்டு எல்4 என்பீர்கள்.