உயிருக்கு மிரட்டல்: ஹைகோர்ட்டில் போலீஸ் பாதுகாப்பு கேட்பது எப்படி?

போலீஸ் பாதுகாப்பு கேட்டு ஹைகோர்ட்டுக்குப் போவதானால், தஞ்சாவூர் மாவட்டத்து ஆடுதுறைக்காரர் மதுரைக்குப் போக வேண்டும். கிழக்கே அடுத்திருக்கும், மயிலாடுதுறை மாவட்டத்துக் குத்தாலத்துக்காரர் சென்னைக்குப் போக வேண்டும். 2004-ல் சென்னை ஹைகோர்ட்டின் மதுரைக் கிளை வந்தபோது தஞ்சாவூர், திருச்சி, புதுக்கோட்டை மாவட்டங்கள் அதன்கீழ் போயின. திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை சென்னையோடுதான். உங்கள் சொந்த ஊர் எது என்பதைவிட, புகார் எந்த ஸ்டேஷன் எல்லையில் வருகிறது என்பதே கணக்கு. மாற்றிப் போட்டால் மனு திரும்பி வரும், உயிர்பயத்தில் இருப்பவருக்கு நாள்தான் வீணாகும்.

ஆள் வாசலில் நிற்கிறான் என்றால் மனு எழுதிக்கொண்டிருக்காதீர்கள், 112-ஐ அழையுங்கள்.

ஹைகோர்ட் கேட்கும் முதல் கேள்வி, "போலீஸிடம் போனீர்களா?" என்பதுதான். ஆகவே வழக்கின் உயிர் ஸ்டேஷன் புகாரில் இருக்கிறது. "எனக்கு ஆபத்து" என்று மொட்டையாக எழுதினால் நிற்காது. எந்தத் தேதி, எத்தனை மணி, எந்த இடம், மிரட்டியவர் பெயர், அப்பா பெயர், ஊர், அவர் சொன்ன வார்த்தை அப்படியே, பார்த்தவர்கள் யார் என்று எழுதுங்கள். கெட்ட வார்த்தையானாலும் நாகரிகம் பார்த்து மாற்ற வேண்டாம். புகார் கொடுத்ததும் சி.எஸ்.ஆர். ரசீது (புகாரைப் பெற்றுக்கொண்டதற்கு ஸ்டேஷன் தரும் அத்தாட்சி) வாங்காமல் கிளம்பாதீர்கள். எஃப்.ஐ.ஆர். போட மறுத்தால், புகாரின் சாரத்தை எழுதி எஸ்.பி.க்குத் தபாலில் அனுப்பலாம்; பி.என்.எஸ்.எஸ். என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 173(4) அதற்கு வழி வைத்திருக்கிறது. தபால் ரசீதையும், போய்ச் சேர்ந்ததற்கான அத்தாட்சியையும் பத்திரப்படுத்துங்கள்.

மிரட்டல் ஆடியோ, வாட்ஸ்அப் செய்தி இருந்தால் பென்டிரைவில் நகல் எடுத்துவிட்டு போனை விற்றுவிடக் கூடாது. மூலக் கருவி வேண்டும், புதிய சாட்சியச் சட்டம் (பி.எஸ்.ஏ.) 63-வது பிரிவுச் சான்றும் பின்னால் தேவைப்படும்.

பிறகுதான் வக்கீல். பி.என்.எஸ்.எஸ். 528-வது பிரிவில் கிரிமினல் ஓ.பி. (கிரிமினல் அசல் மனு), அல்லது அரசியல் சாசனம் 226-ன்கீழ் ரிட் மனு. எது பொருத்தம் என்பதை அவர் முடிவு செய்வார். நீங்கள் கொடுக்க வேண்டியவை ஆதார் நகல், புகார், சி.எஸ்.ஆர்., தபால் ரசீதுகள், தேதிவாரியாக ஒரு பக்கக் குறிப்பு. எஸ்.பி.யையும் இன்ஸ்பெக்டரையும் எதிர்மனுதாரராகச் சேர்ப்பதோடு மிரட்டுபவரையும் பெயரோடு சேர்க்கச் சொல்லுங்கள். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு; சட்டப்பணிகள் ஆணைக்குழுவின் எண் 15100.

சாதி மாறிக் கல்யாணம் செய்தவர்கள் இருவரின் வயதுச் சான்றையும் கட்டாயம் வையுங்கள்: பெண்ணுக்கு 18, ஆணுக்கு 21. பெண் வீட்டார் "காணவில்லை" என்று புகார் கொடுப்பது வழக்கம் என்பதால், சொந்த விருப்பத்தில் வந்ததாகப் பெண்ணே கையெழுத்திட்ட கடிதம் முன்கூட்டியே எஸ்.பி.க்குப் போய்விட வேண்டும். சக்தி வாஹினி வழக்கில் 2018-ல் உச்ச நீதிமன்றம் இப்படிப்பட்ட தம்பதிகளுக்குப் பாதுகாப்பான தங்குமிடமும் மாவட்டந்தோறும் சிறப்புப் பிரிவும் வேண்டும் என்றது. அதை மனுவில் கட்டாயம் சுட்டுங்கள்.

குறுவை அறுக்க விடவில்லை, வாய்க்காலை அடைத்துவிட்டான் என்ற தகராறை இதற்குள் நுழைத்தால் "சிவில் கோர்ட்டுக்குப் போ" என்று அனுப்பிவிட வாய்ப்பு அதிகம். நிலத்துக்கு முதலில் அங்கே தடையுத்தரவு வாங்குங்கள். உயிர் மிரட்டலைத் தனியாகப் பிரித்து எழுதுங்கள்.

துப்பாக்கியோடு காவலர் வருவார் என்று எதிர்பார்க்க வேண்டாம். பெரும்பாலும் கிடைப்பது, "ஆபத்தை மதிப்பிட்டுத் தேவையான பாதுகாப்பு கொடுங்கள்" என்ற உத்தரவு. அதனால் மிரட்டல் தொடர்ந்தால் ஒவ்வொன்றுக்கும் புதிய புகார் கொடுங்கள். அந்த மதிப்பீடு அதை வைத்துத்தான் நடக்கும். உத்தரவின் சான்றிட்ட நகலை இன்ஸ்பெக்டரிடம் நேரில் கொடுத்து, உங்கள் பிரதியில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். நகல் கையில் வந்ததே தெரியாது என்று சொல்ல அப்புறம் இடமிருக்காது. அதற்குப் பிறகும் அசையாவிட்டால் ஒரு வருடத்துக்குள் கோர்ட் அவமதிப்பு மனு போடலாம்.