புள்ள ஒரு ரகசியத்தோட உங்களிட்ட வந்தா என்ன செய்யிறது

"டீச்சர் ஒண்டு சொல்லணும், ஆனா ஒருத்தருக்கும் சொல்லமாட்டன் எண்டு சத்தியம் பண்ணுங்க." இப்பிடி ஒரு புள்ள வந்து நிண்டா அந்தச் சத்தியத்த மட்டும் பண்ணிராதீங்க. பயந்துபோய் நிக்குது, வாய் திறக்கட்டும் எண்டு நினைச்சு நாம உடனே ஓம் எண்டுருவம், பிறகு அது சொல்றது வீட்டுல ஒராள் அடிக்கிறதயோ தொடுறதயோ பத்தி எண்டா அந்த வாக்க மீறித்தான் ஆகணும், அதுக்குப் பிறகு அந்தப் புள்ள வளந்த ஆக்கள் ஒருத்தரையும் நம்பாது.

அதால கதைய தொடங்க முதலே சொல்லிருங்க: "மகள், நீங்க சொல்றத நான் ஸ்டாஃப் ரூம்ல கதைக்கமாட்டன், கூட்டாளிமாருக்கும் தெரியவராது. ஆனா உங்களுக்கோ வேற ஒராளுக்கோ ஆபத்து எண்டு விளங்கினா உதவி செய்யக்கூடிய ஆளுக்குச் சொல்லுவன், அதையும் முதல் உங்களிட்டச் சொல்லிப்போட்டுத்தான் செய்வன்." இதக் கேட்டு சில புள்ளைகள் எழும்பிப் போயிரும். போகட்டும், எப்பவும் வரலாம் எண்டு மட்டும் சொல்லி விடுங்க, அநேகமா திரும்பி வரும்.

அமெரிக்க உளவியல் சங்கத்துட ஒழுக்கக்கோவையும் இதைத்தான் சொல்லுது, ரகசியத்துக்கு எல்லை எதுவரைக்கும் எண்டத உளவியலாளர் ஆலோசனை தொடங்கக்குள்ளயே விளங்கப்படுத்தணும் எண்டு. 1969ல கலிபோர்னியாவுல டட்டியானா டராசொஃப் எண்ட மாணவிய ஒருத்தன் கொலை செய்தான், செய்யப்போறன் எண்டு தன்ட உளவியலாளரிட்ட முதலே சொல்லியிருந்தவன். அவர் கெம்பஸ் பொலிசுக்கு அறிவிச்சவர், அவங்க புடிச்சு விசாரிச்சு விட்டுட்டாங்க, அந்தப் புள்ளைக்கோ தாய் தகப்பனுக்கோ ஒருத்தரும் சொல்லல்ல. 1976ல அந்த மாநில உச்ச நீதிமன்றம், ஆபத்துல இருக்கிற ஆளப் பாதுகாக்கிற கடமையும் சிகிச்சை செய்யிறவருக்கு இருக்கு எண்டு தீர்ப்புச் சொல்லிச்சு. நம்மட இலங்கைத் தீர்ப்பு இல்லதான், ஆனா வகுப்பெடுக்கிற நமக்கும் இந்த யோசன கட்டாயம் வேணும்.

புள்ள கதைக்கக்குள்ள குறுக்க போகாதீங்க. "மாமாவா செய்தாரு?" எண்டு நீங்களே பேரெடுத்துக் குடுக்கிறது பெரிய பிழை, "பிறகு என்ன நடந்த?" எண்டு கேட்டாப் போதும். காயத்த போன்ல படம் எடுக்காதீங்க, திருப்பித் திருப்பிச் சொல்லவும் வைக்காதீங்க, ஏனெண்டா பொலிசும் சட்ட வைத்திய அதிகாரியும் இன்னும் கேப்பாங்க, அந்தப் புள்ள எத்தின தரம் அதத் தாங்கும். அது போனாப்பிறகு அது சொன்ன சொல்லிலயே திகதி நேரம் போட்டு எழுதிப் பூட்டி வைங்க.

அடுத்தது ஆருக்குச் சொல்றது. அதிபருக்கு, பிரதேச செயலகத்துல இருக்கிற நன்னடத்தை உத்தியோகத்தருக்கு, இல்லாட்டி 1998ம் ஆண்டுச் சட்டத்தால உருவான தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபைட 1929 எண்ட தொலைபேசி இலக்கத்துக்கு, தமிழ்லயே கதைக்கலாம், காசும் இல்ல. "பள்ளிக்கூடத்துப் பேர் கெட்டிரும் டீச்சர், நாம பேசித் தீர்ப்பம்" எண்டு மேல இருக்கிறவங்க சொன்னாலும் 1929க்கு எடுக்க ஒருத்தர்ட அனுமதியும் தேவயில்ல. செய்தவன் வீட்டுக்குள்ளயே இருக்கான் எண்டா வீட்டுக்குக் கோல் எடுத்துக் கேட்டுராதீங்க, அண்டு ராவைக்கே புள்ளைட வாய அடைச்சுருவாங்க. தாய் மத்திய கிழக்குல, புள்ள அம்மம்மாவோட எண்ட வீடுகள் நம்மட பக்கம் எவ்வளவு இருக்கு, ஆரிட்டச் சொன்னா புள்ளைக்குப் பாதுகாப்பு எண்டு யோசிச்சுத்தான் சொல்லணும்.

சாகணும் போல கிடக்கு எண்டு சொன்னா பதறாம நேரடியா கேளுங்க, சாகிறதப் பத்தி யோசிக்கிறீங்களா எண்டு. கேட்டா அந்த எண்ணம் வந்துரும் எண்டு பயப்பிடுறது பிழை, கேட்டா புள்ளைக்கு ஆறுதல்தான். தனிய விடாதீங்க. வீட்டுல நம்பக்கூடிய ஒராளக் கூப்பிட்டு ஆஸ்பத்திரி மனநலப் பிரிவுக்குக் கூட்டிக்கொண்டு போகச் சொல்லுங்க, தேசிய மனநல நிறுவனத்துட உதவி இலக்கம் 1926க்கும் எடுக்கலாம். படுவான்கரை, சம்மாந்துறைப் பக்கம் வயல் செய்யிற வீடு எண்டா வயலுக்கு அடிக்கிற மருந்துப் போத்தில வீட்ட விட்டே எடுக்கச் சொல்லுங்க. பரகுவாட் மாதிரி நஞ்சுகளத் தடை செய்தாப்பிறகு நாட்டுல தற்கொலைச் சாவு குறைஞ்சது, அதால இது சின்ன விசயம் இல்ல.

நமக்கு உள்ள பெரிய கரைச்சல் ஊர்தான். புள்ளைட தாய் உங்களுக்கு மச்சாள் முறையா இருப்பா, பின்னேரம் அதே புள்ளைக்கு நீங்கதான் ரியூசன், கோயில் திருவிழாவுலயும் கண்ணுக்கு முன்னால நிக்கும். இப்பிடி ஒராளோட ரெண்டு விதமாப் பழகிற ரெட்டை உறவு எல்லாமே குற்றம் எண்டு முதல் சொன்ன அமெரிக்க ஒழுக்கக்கோவையும் சொல்லல்ல, உங்கட தீர்மானம் கெட்டுப்போகும் எண்டா, இல்லாட்டி புள்ளைக்குக் கெடுதல் வரும் எண்டாத்தான் விலகச் சொல்லுது. குற்றம் சாட்டப்படுறவர் உங்கட சொந்தக்காரர் எண்டா அந்த இடத்துல விலகுங்க, ஆனா கேட்டத மறைக்காம உளவளத்துணை ஆசிரியரிட்டயோ 1929க்கோ குடுத்துட்டு விலகுங்க. மத்தப்படி பேர் சொல்லாமக் கதைச்சாலும், "எட்டாம் வகுப்பு, தகப்பன் கட்டார்ல" எண்டு சொன்னாலே காத்தான்குடியிலயும் களுவாஞ்சிக்குடியிலயும் ஆரெண்டு எல்லாருக்கும் விளங்கிரும். ஆசிரியர்மார்ட வட்ஸ்அப் குரூப்ல ஒரு சொல்லும் போடவேணாம்.

சுனாமிக்குப் பிறகு கல்முனைக்கும் நாவலடிக்கும் எத்தினையோ பேர் ஆறுதல் சொல்ல வந்தாங்க, பாதியில போனவங்களும் உண்டு. தொடர ஏலாதத தொடங்காதீங்க. ட்ரான்ஸ்பர் வந்தா போறதுக்கு முதல் புள்ளையக் கூப்பிட்டுச் சொல்லுங்க, அடுத்து ஆரிட்டப் போகலாம் எண்டு ரெண்டு பேருமாப் பாத்து முடிவெடுங்க, அது சம்மதிக்கிற ஆளிட்ட மட்டும் குறிப்பக் குடுங்க.