உலக நாடுகளின் வரலாற்றில் வினாத்தாள் தயாரிப்பது எப்படி? முதன்முறை முயல்பவர்களுக்கான செய்முறை

உலக நாடுகளின் வரலாற்றில் ஒருவருக்கு எவ்வளவு பொது அறிவு இருக்கிறது என்பதைச் சோதிக்கும் இருபது வினாக்களை ஒரு வாரத்தில் எவரும் தயாரித்துவிடலாம். ஒரு நோட்டுப் புத்தகம், நாட்டு எல்லைகள் மட்டும் குறிக்கப்பட்ட ஓர் உலக வரைபடம், நம்பத்தக்க வரலாற்று நூல்கள் இரண்டு ஆகியவை இருந்தால் போதும். வினா எழுதுவது எளிது. ஒரே ஒரு சரியான விடையை மட்டும் ஏற்கும்படி அதை எழுதுவதுதான் கடினம். ஆகவே இந்தச் செய்முறையில் அந்தப் பகுதிக்கே கூடுதல் இடம் ஒதுக்கியிருக்கிறேன்.

முதல் படி: வரைபடத்தில் புள்ளி வைத்தல்

நினைவுக்கு வரும் வினாக்களை முதலில் அப்படியே எழுதிக்கொண்டு, ஒவ்வொரு வினாவும் எந்த நாட்டைப் பற்றியதோ அந்த நாட்டின் மேல் பென்சிலால் ஒரு புள்ளி வையுங்கள். பெரும்பாலும் மேற்கு ஐரோப்பாவில் புள்ளிகள் நெருங்கி நிற்கும். ஆப்பிரிக்காவும் தென் அமெரிக்காவும் வெறுமையாகக் கிடக்கும். நாம் படித்த பாடநூல்கள் பிரெஞ்சுப் புரட்சிக்கும் இரண்டு உலகப் போர்களுக்கும் தந்த இடத்தைப் பிற நாடுகளுக்குத் தரவில்லை என்பதே இதற்குக் காரணம். ஒரு கண்டத்துக்கு ஐந்து வினாக்களுக்கு மேல் வேண்டாம் என்று வரம்பு கட்டிக்கொண்டால் இந்தச் சாய்வு தானாகவே குறைந்துவிடும்.

இரண்டாம் படி: கேட்கத் தகுந்த செய்தியைத் தேர்ந்தெடுத்தல்

ஒரு நாட்டைப் பற்றி ஆயிரம் செய்திகள் இருக்கும். அந்த நாட்டின் போக்கையே மாற்றிய செய்தி எது என்று பாருங்கள். ஹைட்டியை எடுத்துக்கொள்வோம். பிரான்சின் கரும்புத் தோட்டக் குடியேற்றமாக இருந்த அந்த மண்ணில் 1791இல் அடிமைகள் கிளர்ந்தெழுந்தனர். பதின்மூன்று ஆண்டுப் போராட்டத்துக்குப் பிறகு 1804 ஜனவரி 1 அன்று கிளர்ச்சிப் படைத் தளபதி டெசலின் தலைமையில் விடுதலை அறிவிக்கப்பட்டது. “ஹைட்டி எந்த ஆண்டில் விடுதலை பெற்றது?” என்று கேட்பது தவறில்லை, ஆனால் அது நினைவாற்றலை மட்டுமே சோதிக்கும். 1825இல் பிரான்சு போர்க்கப்பல்களை அனுப்பி, அந்த விடுதலையை ஏற்க வேண்டுமானால் 15 கோடி பிராங்கு இழப்பீடு தர வேண்டும் என்று ஹைட்டியை மிரட்டியது. 1838இல் அந்தத் தொகை 9 கோடியாகக் குறைக்கப்பட்டது. அடிமைகளாக இருந்தவர்கள் தங்களை அடிமைப்படுத்தியவர்களுக்கே இழப்பீடு கட்ட நேர்ந்தது. “1825ஆம் ஆண்டு உடன்பாட்டின்படி ஹைட்டிக்கும் பிரான்சுக்கும் இடையே யார் யாருக்கு இழப்பீடு தர வேண்டியிருந்தது?” என்று கேட்டுப் பாருங்கள். நியாயம் எதுவோ அதையே விடையாக எழுதுபவர்கள் தவறிவிடுவார்கள். சரியான விடையைக் கேட்ட பிறகு அதை அவர்கள் மறக்கவும் மாட்டார்கள்.

மூன்றாம் படி: வினாவை ஒரே விடைக்கு இறுக்குதல்

இந்தப் படியில் அவசரப்படாதீர்கள். எடுத்துக்காட்டாக, “ஐரோப்பியர் ஆட்சிக்கு உட்படாத ஆப்பிரிக்க நாடு எது?” என்ற வினாவைப் பார்ப்போம். எத்தியோப்பியா என்ற விடையை எதிர்பார்த்தே இதை எழுதுகிறோம். ஆனால் 1847இல் விடுதலையை அறிவித்த லைபீரியாவை ஒருவர் விடையாக எழுதினால் மறுக்க முடியாது. எத்தியோப்பியாவையே எழுதினாலும், 1936 முதல் 1941 வரை அந்த நாடு இத்தாலியின் ஆக்கிரமிப்பில் இருந்ததே என்று இன்னொருவர் கேட்பார். அவர் கேட்பதும் நியாயம். ஆக, ஒரே வரியில் இரண்டு ஓட்டைகள்.

இப்போது அதைத் திருத்துவோம். “1896ஆம் ஆண்டு அட்வா போரில் இத்தாலியப் படையைத் தோற்கடித்த ஆப்பிரிக்க நாடு எது?” இதற்கு ஒரே விடைதான் உண்டு. ஆண்டு, இடம், எதிரி ஆகிய மூன்றும் சேர்ந்து வினாவை இறுக்கிப் பிடித்திருக்கின்றன.

இன்னும் ஆழமாகப் போக விரும்பினால், அந்தப் போரின் காரணத்தைக் கேளுங்கள். 1889இல் பேரரசர் இரண்டாம் மெனெலிக்கும் இத்தாலியும் செய்துகொண்ட வுச்சாலே உடன்படிக்கை அம்ஹாரிய மொழியிலும் இத்தாலிய மொழியிலும் எழுதப்பட்டது. அதன் 17ஆம் பிரிவின் அம்ஹாரிய வாசகம், எத்தியோப்பியா வெளிநாட்டுத் தொடர்புகளுக்கு இத்தாலியின் உதவியைப் பயன்படுத்திக்கொள்ளலாம் என்றது. இத்தாலிய வாசகமோ, இத்தாலியின் வழியாகவே அவற்றை நடத்த வேண்டும் என்றது. “லாம்” என்பதற்கும் “வேண்டும்” என்பதற்கும் இடையிலான வேறுபாடு போரில் முடிந்தது. இதை நான்கு தெரிவுகள் கொண்ட கொள்குறி வினாவாக அமைத்தால், வினாத்தாளின் மிகச் சிறந்த வினா இதுவாகவே இருக்கும்.

“முதல்” என்ற சொல் வரும் வினாக்களில் கூடுதல் எச்சரிக்கை தேவை. பெண்களுக்கு முதலில் வாக்குரிமை தந்த நாடு எது என்று கேட்டால், 1893இல் அதைச் செய்த நியூசிலாந்து என்று சொல்வோம். ஆனால் அங்கே பெண்கள் தேர்தலில் போட்டியிடும் உரிமையை 1919இல்தான் பெற்றார்கள். வாக்களிக்கும் உரிமையையும் போட்டியிடும் உரிமையையும் 1906இல் ஒருசேர வழங்கியது பின்லாந்து. அடுத்த ஆண்டுத் தேர்தலிலேயே 19 பெண்கள் அதன் நாடாளுமன்றத்துக்குள் நுழைந்தார்கள். நீங்கள் கேட்பது வாக்களிக்கும் உரிமையையா, போட்டியிடும் உரிமையையா என்பது வினாவிலேயே தெளிவாக இருக்க வேண்டும்.

நான்காம் படி: தவறான தெரிவுகளை அக்கறையுடன் எழுதுதல்

கொள்குறி வினாவில் மூன்று தவறான தெரிவுகள் இருக்கும். அவற்றை ஏனோதானோவென்று நிரப்பினால், எதுவும் தெரியாதவர்கூடக் கழித்துக் கழித்து விடையை எட்டிவிடுவார். மெக்சிகோ எந்த நாளை விடுதலை நாளாகக் கொண்டாடுகிறது என்று கேட்பதாக வைத்துக்கொள்வோம். 1810இல் விடுதலைப் போருக்கு அழைப்பு விடுக்கப்பட்டதை நினைவுகூரும் செப்டம்பர் 16 சரியான விடை. தெரிவுகளில் மே 5 கட்டாயம் இடம்பெற வேண்டும். 1862இல் புவெப்லாவில் பிரெஞ்சுப் படையை வென்ற அந்த நாளையே விடுதலை நாள் என்று பலர் தவறாக எண்ணுகிறார்கள். 1821இல் விடுதலைப் படை தலைநகருக்குள் நுழைந்த செப்டம்பர் 27ஐயும் சேருங்கள். இப்படி அமைத்தால் ஒருவர் எங்கே தடுமாறுகிறார் என்பதை அவருடைய தவறான விடையே உங்களுக்குக் காட்டிவிடும். வினாவில் “கொண்டாடுகிறது” என்ற சொல்லை விட்டுவிடாதீர்கள். அது இல்லையென்றால் செப்டம்பர் 27ஐ எழுதியவர் வாதாடி வென்றுவிடுவார்.

ஐந்தாம் படி: நாட்காட்டியையும் பெயரையும் சரிபார்த்தல்

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு சிறிய நூலகத்தில் நான் நடத்திய போட்டியில், ரஷ்யாவின் அக்டோபர் புரட்சி நடந்த நாளைக் கேட்டிருந்தேன். நவம்பர் 7 என்று எழுதிய மாணவிக்கு, என் விடைக்குறிப்பில் அக்டோபர் 25 என்று இருந்ததால், மதிப்பெண் தரவில்லை. ரஷ்யா அப்போது ஜூலியன் நாட்காட்டியைப் பின்பற்றியது. நாம் இன்று பயன்படுத்தும் கிரிகோரியன் நாட்காட்டிக்கு அது 1918 பிப்ரவரியில்தான் மாறியது. ஆகவே இரண்டு விடைகளும் சரியே. அந்த மாணவிக்கு நான் இழைத்த பிழை இன்றும் என்னை உறுத்துகிறது. அன்றுமுதல், நாளைக் கேட்கும் ஒவ்வொரு வினாவிலும் எந்த நாட்காட்டி என்று குறிப்பிட்டுவிடுகிறேன்.

நாட்டுப் பெயர்களிலும் இதே கவனம் தேவை. வெளிநாட்டவர் பாரசீகம் என்று அழைத்துவந்த நாடு 1935 முதல் ஈரான். கோல்டு கோஸ்ட் 1957 முதல் கானா. சிலோன் 1972 முதல் ஸ்ரீலங்கா. மேல் வோல்ட்டா 1984 முதல் புர்க்கினா பாசோ. நிகழ்வு நடந்த காலத்துப் பெயரை எழுதி, அடைப்புக்குறிக்குள் இன்றைய பெயரைத் தருவதே முறை.

ஆறாம் படி: வினா வகைகளைக் கலத்தல்

இருபதையும் கொள்குறி வினாக்களாகவே அமைத்தால் சலிப்புத் தட்டும். சிலவற்றைக் காலவரிசை வினாக்களாக மாற்றுங்கள். பெர்லின் சுவர் திறக்கப்பட்டது, கானாவின் விடுதலை, மண்டேலா குடியரசுத் தலைவரானது, சிங்கப்பூர் மலேசியாவிலிருந்து பிரிந்தது ஆகிய நான்கையும் வரிசைப்படுத்தச் சொன்னால், ஆண்டுகளை மனப்பாடம் செய்யாதவரும் யோசித்து விடை காணலாம். கானா 1957, சிங்கப்பூர் 1965, பெர்லின் 1989, மண்டேலா 1994 என்பது சரியான வரிசை.

ஒரே ஒரு வினாவையாவது ஒரு பொருளின் படத்தைக் காட்டிக் கேளுங்கள். நான் வழக்கமாகக் காட்டுவது காலிக் கல்வெட்டின் படத்தை. சீனக் கடற்படைத் தலைவர் செங் ஹே இலங்கையில் நிறுவிய அந்தக் கல்லில் 1409ஆம் ஆண்டுக்குரிய வாசகம் சீனம், தமிழ், பாரசீகம் என்னும் மூன்று மொழிகளில் பொறிக்கப்பட்டிருக்கிறது. 1911இல் காலி நகரில் கண்டெடுக்கப்பட்ட அது, இன்று கொழும்பு தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கிறது. சீனப் பகுதி புத்தருக்கும், தமிழ்ப் பகுதி தேனாவரை நாயனார் என்ற பெயரில் திருமாலுக்கும், பாரசீகப் பகுதி அல்லாஹ்வுக்கும் அளிக்கப்பட்ட காணிக்கைகளைச் சொல்கின்றன. படத்தைக் காட்டி, “இதிலுள்ள மூன்று மொழிகள் எவை?” என்று முதலிலும், “சீனத்துக்கும் இலங்கைக்கும் இடையிலான ஒரு செய்தியில் பாரசீகம் ஏன் இடம்பெற்றது?” என்று அடுத்தும் கேளுங்கள். இந்தியப் பெருங்கடல் வணிகர்களிடையே பாரசீகம் பரவலாக வழங்கிய மொழி என்பதை யோசித்து எழுதுபவருக்கு முழு மதிப்பெண் கொடுக்கலாம்.

ஏழாம் படி: முன்னோட்டம்

போட்டிக்கு முன் நண்பர்கள் இருவரிடம் வினாத்தாளைக் கொடுத்து விடையெழுதச் சொல்லுங்கள். இருவரும் நொடியில் எழுதிவிட்ட வினாவைத் தொடக்கத்துக்கு நகர்த்துங்கள். “என்ன கேட்கிறீர்கள்?” என்று ஒருவர் கேட்டாலே அந்த வினாவை மூன்றாம் படிக்குத் திருப்பி அனுப்புங்கள். விடைக்குறிப்பில் ஒவ்வொரு விடைக்கும் கீழே, அதை எந்த நூலின் எந்தப் பக்கத்தில் சரிபார்த்தீர்கள் என்பதையும், ஏற்கத்தக்க வேறு விடைகளையும் எழுதி வையுங்கள். போட்டி முடிந்ததும் அந்த வரைபடத்தைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். இன்னும் புள்ளி விழாத நாடுகளிலிருந்து அடுத்த வினாத்தாளைத் தொடங்கலாம்.